குழந்தைக்கு எத்தனை மில்லி கொடுப்பது?

பாராசிட்டமால் குழந்தை மருந்து நம் ஊர் மெடிக்கல் கடைகளில் குறைந்தது மூன்று வீரியங்களில் கிடைக்கிறது. 5 மி.லி.யில் 120 மி.கி. கொண்ட சிரப் ஒன்று (சில கம்பெனிகளில் 125). 5 மி.லி.யில் 250 மி.கி. கொண்டது இன்னொன்று, பெயருக்குப் பின்னால் '250' என்றோ 'டிஎஸ்' என்றோ போட்டிருக்கும். மூன்றாவது, கைக்குழந்தைகளுக்கான சொட்டு மருந்து. சின்ன பாட்டில், கூடவே ஒரு ஃபில்லர், 1 மி.லி.யிலேயே 100 மி.கி. பாட்டில் சின்னது, கைக்குழந்தைக்கானது, அதனால் மருந்தும் லேசாகத்தான் இருக்கும் என்று பலர் நினைத்துக்கொள்கிறார்கள். உண்மை நேர்மாறு. மூன்றிலும் அடர்த்தி அதிகமானது அந்தச் சின்ன பாட்டில்தான். சாதா சிரப்பைப் போல நான்கு மடங்கு.

11 கிலோ எடையுள்ள ஒரு குழந்தையை எடுத்துக்கொள்வோம். காய்ச்சலுக்கு பாராசிட்டமால் ஒரு வேளைக்கு கிலோவுக்கு 10 முதல் 15 மி.கி. வரை கொடுக்கலாம். 15 என்றே வைத்தால் 165 மி.கி. இது 120 சிரப்பில் கிட்டத்தட்ட 6.9 மி.லி. 250 சிரப்பில் 3.3 மி.லி. சொட்டு மருந்தில் 1.65 மி.லி. குழந்தை ஒன்றுதான், காய்ச்சல் ஒன்றுதான், ஆனால் விடை மூன்று. போன மாதம் டாக்டர் சொன்ன 'ஏழு மில்லி' மனதில் நிற்கிறது, கையில் கிடைத்தது சொட்டு மருந்து பாட்டில் என்றால் என்ன ஆகும்? ஒரே வேளையில் 700 மி.கி. உள்ளே போகும். அந்தக் குழந்தைக்கு ஒரு நாள் முழுவதற்குமான உச்சவரம்பே, கிலோவுக்கு 60 மி.கி. வீதம், 660 மி.கி.தான்.

எடைக்கணக்கில் வரும் தவறுகளைப் பற்றிப் பேசும்போது எல்லோரும் பெருக்கல் வகுத்தலைத்தான் நினைக்கிறார்கள். அந்தக் கணக்கு ஐந்தாம் வகுப்புக் கணக்கு. தவறு நடப்பது பெரும்பாலும் ஒரு அலகு இன்னொன்றாக மாறும் இடத்தில்: மி.கி. மி.லி.யாக மாறும்போது, 'ஒரு நாளைக்கு' என்பது 'ஒரு வேளைக்கு' என்று காதில் விழும்போது, மைக்ரோகிராம் மில்லிகிராமாகப் படிக்கப்படும்போது. அமெரிக்காவில் 2011 வரை கைக்குழந்தைக்கான பாராசிட்டமால் சொட்டு 0.8 மி.லி.யில் 80 மி.கி., பெரிய குழந்தைகளுக்கான சிரப் 5 மி.லி.யில் 160 மி.கி. என்று இரண்டு விதமாக இருந்தது. குழப்பம் உயிருக்கு உலை வைத்ததால், கம்பெனிகளே முன்வந்து அடர்த்தியான சொட்டைக் கைவிட்டு, இரண்டையும் 5 மி.லி.க்கு 160 என்று ஒன்றாக்கின. நம் ஊரில் இன்னும் அந்த ஒழுங்கு வரவில்லை. அதனால் 'எத்தனை மில்லி' என்ற கேள்விக்கு, பாட்டிலைப் பார்க்காமல் யார் பதில் சொன்னாலும் அது பாதிப் பதில்தான்.

சரி, எடையை ஏன் பார்க்க வேண்டும், வயது போதாதா? கடையில் நடப்பது இதுதான்:

"அண்ணா, காய்ச்சல் சிரப் ஒண்ணு குடுங்க."

"குழந்தைக்கு என்ன வயசும்மா?"

"மூணு."

வயதைக் கேட்டதோடு விஷயம் முடிந்துவிடுகிறது. உலக சுகாதார நிறுவனத்தின் வளர்ச்சி அட்டவணைப்படி, மூன்று வயது ஆண் குழந்தையின் இயல்பான எடை சுமார் 11 கிலோவிலிருந்து 18 கிலோ வரை பரந்து கிடக்கிறது. ஊட்டக்குறைவுள்ள குழந்தை அதற்கும் கீழே இருக்கும். ஒரே வயது, ஒரே மூடி அளவு. ஒருவனுக்கு மருந்து போதாது, இன்னொருவனுக்கு மிஞ்சும்.

வயதை வைத்துக் கணக்குப் போடும் பழைய சூத்திரங்களும் உண்டு. யங் விதி என்று ஒன்று: வயதை, வயதோடு 12 கூட்டிய எண்ணால் வகுத்து, பெரியவர்களின் டோஸால் பெருக்க வேண்டும். நான்கு வயதுக்கு 4-ஐ 16-ஆல் வகுத்தால் கால் பங்கு. 500 மி.கி. மாத்திரையில் கால் மாத்திரை, அதாவது 125 மி.கி. அந்தக் குழந்தை 16 கிலோ இருந்தால், கிலோவுக்கு 8 மி.கி.கூட வராது. காய்ச்சல் இறங்காது, 'இந்த மருந்து கேட்கலை' என்று அடுத்த மருந்துக்குப் போவார்கள். கிளார்க் விதி எடையைக் கணக்கில் எடுத்தது: பவுண்டில் எடையை 150-ஆல் வகு, பெரியவர் டோஸால் பெருக்கு. அதுவும் குழந்தையை ஒரு சின்ன பெரியவராகத்தான் பார்த்தது. இன்று மருத்துவப் புத்தகங்களில் ஒவ்வொரு மருந்துக்கும் கிலோவுக்கு இத்தனை மி.கி. என்று குழந்தைகளுக்கெனத் தனியாகவே எழுதியிருக்கும். பெரியவர் டோஸிலிருந்து அதைக் கழித்து வகுத்துப் பெறுவதில்லை.

ஏன் என்றால் குழந்தையின் உடல் அளவில் மட்டும் வித்தியாசப்படுவதில்லை. பிறந்த குழந்தையின் எடையில் முக்கால் பங்குக்கு மேல் தண்ணீர். பெரியவர்களுக்கு அது சுமார் 60 சதவீதம். ஜென்டாமைசின் என்ற ஆன்டிபயாட்டிக் ஊசி போன்ற நீரில் கரையும் மருந்து அந்தத் தண்ணீர் முழுக்கப் பரவி நீர்த்துப் போவதால், கிலோ கணக்கில் டோஸ் கொஞ்சம் தாராளமாகவே தேவைப்படும். ஆனால் சிறுநீரகம் இன்னும் முதிரவில்லை, மருந்தை வெளியேற்ற நேரம் பிடிக்கும். அதனால் அடுத்த ஊசி 24 மணி நேரம் கழித்து. குறைமாதக் குழந்தை என்றால் 36 அல்லது 48 மணி நேரம்கூடத் தள்ளிப்போகும். ஒன்றிரண்டு வயதுக் குழந்தையின் கதை வேறு. அதன் உடல் எடையில் கல்லீரலின் பங்கு பெரியவர்களைவிட அதிகம், வேலையும் சுறுசுறுப்பு. சில வலிப்பு மருந்துகளை அது அத்தனை வேகமாக உடைத்துத் தள்ளுவதால், கிலோ கணக்கில் அப்பாவுக்குக் கொடுப்பதைவிடக் கூடுதலாகக் கொடுக்க வேண்டியிருக்கும். புற்றுநோய் மருந்துகளுக்கு எடையே போதாது என்று உயரத்தையும் சேர்த்து உடற்பரப்பைக் கணக்கிடுகிறார்கள். செ.மீ.யில் உயரத்தையும் கிலோவில் எடையையும் பெருக்கி, 3600-ஆல் வகுத்து, வர்க்கமூலம் எடுக்கும் மோஸ்டெல்லர் சூத்திரம் 1987-இல் வந்தது.

எடை மட்டும் போதாது என்பதை மருத்துவ உலகம் கற்றுக்கொண்ட விதம் கொடுமையானது. 1950-களில் குளோராம்பெனிகால் புதிய, பலமான ஆன்டிபயாட்டிக். குறைமாதக் குழந்தைகளுக்கு நோய்த்தொற்று வராமல் இருக்க அதைத் தாராளமாகவே கொடுத்தார்கள். சில நாட்களில் குழந்தைகளின் வயிறு உப்பியது, உடல் சாம்பல் நிறமாகியது, ரத்த ஓட்டம் சரிந்தது, பல குழந்தைகள் இறந்தன. 1959-இல் லாஸ் ஏஞ்சல்ஸ் மருத்துவர்கள் வெளியிட்ட ஆய்வு, காரணம் நோய்த்தொற்றல்ல, மருந்துதான் என்று காட்டியது. அந்த மருந்தை முறிக்கத் தேவையான வேதிச்செயல் பிறந்த குழந்தையின் கல்லீரலில் இன்னும் தயாராகவில்லை. ஒவ்வொரு வேளையும் முந்தைய வேளையின் மேல் குவிந்துகொண்டே போனது. பிறகு பச்சிளங்குழந்தைக்கான அளவு ஒரு நாளைக்கு கிலோவுக்கு 25 மி.கி. என்று இறக்கப்பட்டது. மூன்று மாதத்துக்குட்பட்ட குழந்தைக்குக் காய்ச்சல் என்றால் வீட்டில் கணக்குப் போடாதீர்கள், நேரே ஆஸ்பத்திரிக்குப் போங்கள் என்று சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம். அந்த வயதில் காய்ச்சலே பெரிய நோயின் அறிகுறியாக இருக்கலாம் என்பது இன்னொன்று.

சில மருந்துகளில் ஒரே எடை, ஒரே வயது இருந்தும் பயனில்லை. கோடீன் என்ற வலி மருந்து உடலுக்குள் போய் மார்ஃபீனாக மாறித்தான் வேலை செய்கிறது. அந்த மாற்றத்தைச் சிலரின் மரபணு மிக வேகமாகச் செய்துவிடும். டான்சில் அறுவைக்குப் பின் சரியான அளவே கொடுக்கப்பட்டும் மூச்சடைத்துக் குழந்தைகள் இறந்ததால், அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2013-இல் கடும் எச்சரிக்கை விடுத்தது. 2017-இல் 12 வயதுக்குட்பட்டவர்களுக்குக் கூடவே கூடாது என்றது.

மறுபக்கம், எடையே பார்க்க வேண்டாத மருந்துகளும் நம் கண் முன்னால் இருக்கின்றன. வயிற்றுப்போக்குக்கு ஓ.ஆர்.எஸ். கரைசலோடு தரும் ஜிங்க் ஆறு மாதத்துக்குள் 10 மி.கி., அதற்கு மேல் 20 மி.கி., அவ்வளவுதான். பிப்ரவரி 10 குடற்புழு நீக்க நாளில் கொடுக்கும் அல்பெண்டசோல் இரண்டு வயது வரை பாதி, அதற்கு மேல் முழு 400 மி.கி. மாத்திரை; ஐந்து வயதுக் குழந்தைக்கும் பத்தாம் வகுப்புப் பையனுக்கும் அதே மாத்திரைதான். அது பெரும்பாலும் குடலிலேயே தங்கி வேலை செய்கிறது, ரத்தத்தில் கொஞ்சம்தான் சேர்கிறது. வேலை செய்யும் அளவுக்கும் கெடுதல் செய்யும் அளவுக்கும் நடுவே எவ்வளவு இடைவெளி என்பதுதான் இதைத் தீர்மானிக்கிறது. அல்பெண்டசோலுக்கு அந்த இடைவெளி அகலம். அமாக்ஸிசிலின் என்ற ஆன்டிபயாட்டிக்குக்கும் ஓரளவு அகலம். இதயத்துக்கான டிகாக்ஸினுக்கு மிகக் குறுகல்.

அமாக்ஸிசிலினைச் சொன்னதால் 'நாளைக்கா, வேளைக்கா' குழப்பத்துக்கு வருகிறேன். நிமோனியாவுக்கு உலக சுகாதார நிறுவனம் சொல்லும் அளவு ஒரு வேளைக்கு கிலோவுக்கு 40 மி.கி., நாளைக்கு இரண்டு வேளை. இதையே இன்னொரு புத்தகம் 'ஒரு நாளைக்கு கிலோவுக்கு 80, இரண்டாகப் பிரித்து' என்று எழுதும். இரண்டும் ஒன்றுதான். 12 கிலோ குழந்தைக்கு வேளைக்கு 480 மி.கி. ஆனால் இரவுப் பணியில் களைத்த ஒருவர் '80' என்ற எண்ணை மட்டும் எடுத்து, 'பிரித்து' என்பதை விட்டுவிட்டால், வேளைக்கு 960 ஆகிவிடும். அமாக்ஸிசிலின் என்பதால் வயிற்றுப்போக்கோடு தப்பிக்கலாம். குறுகல் இடைவெளியுள்ள மருந்தில் இதே தவறு தப்பவிடாது.

புள்ளி இன்னும் மோசம். '.5' என்று எழுதினால் புள்ளி மங்கி 5 ஆகும், '5.0' என்று எழுதினால் 50 ஆகும். இரண்டிலும் பத்து மடங்கு. அதனால்தான் முன்னால் பூஜ்யம் கட்டாயம், பின்னால் பூஜ்யம் கூடாது என்று மருத்துவமனைகளில் விதி வைத்திருக்கிறார்கள். தைராய்டு குறையோடு பிறந்த குழந்தைக்கு லெவோதைராக்ஸின் ஒரு நாளைக்கு கிலோவுக்கு 10 முதல் 15 மைக்ரோகிராம். 3 கிலோ குழந்தைக்கு 30-லிருந்து 45 மைக்ரோகிராம், அதாவது 0.03-லிருந்து 0.045 மி.கி. பூஜ்யங்களை எண்ணுவதில் ஒன்று தவறினாலும் போச்சு. மருத்துவமனைக்குள்ளும் இது நடக்கும். 2007 நவம்பரில் ஹாலிவுட் நடிகர் டென்னிஸ் குவெய்டின் பிறந்து சில நாட்களே ஆன இரட்டைக் குழந்தைகளுக்கு, 1 மி.லி.யில் 10 யூனிட் கொண்ட ஹெப்பாரினுக்கு (ரத்தம் உறையாமல் தடுக்கும் மருந்து) பதிலாக 10,000 யூனிட் கொண்டது செலுத்தப்பட்டது. ஆயிரம் மடங்கு. இரண்டு குப்பிகளின் லேபிளும் நீலம்தான், ஒன்று வெளிர், ஒன்று அடர். குழந்தைகள் பிழைத்துக்கொண்டன.

இனி வீட்டுச் சமையலறைக்கு வருவோம். ஆன்டிபயாட்டிக் பல நேரம் 'ட்ரை சிரப்' ஆகத்தான் வரும்: பாட்டிலுக்குள் பொடி, லேபிளில் ஒரு கோடு அல்லது அம்புக்குறி. எடைக்கணக்கை டாக்டர் எவ்வளவு கவனமாகப் போட்டிருந்தாலும், இந்தப் பாட்டிலில் தண்ணீர் ஊற்றும் கைதான் கடைசியில் வீரியத்தைத் தீர்மானிக்கிறது. முதலில் பாட்டிலைத் தட்டிப் பொடியை உதிர்த்துக்கொள்ள வேண்டும். கொதிக்க வைத்து முழுக்க ஆறிய தண்ணீர் (சில பெட்டிகளில் கூடவே ஒரு தண்ணீர்க் குப்பி இருக்கும்) பாதி ஊற்றி நன்றாகக் குலுக்கினால் மேலே நுரை கட்டும். அவசரத்தில் அந்த நுரை கோட்டைத் தொட்டதைப் பார்த்து 'ரொம்பிடுச்சு' என்று மூடிவிட்டால், தண்ணீர் குறைவு, மருந்து அடர்த்தி. நுரை அடங்கும் வரை வைத்திருந்து, மீண்டும் கோடு வரை ஊற்றிக் குலுக்க வேண்டும். பொடி போட்டது அடியில் படியும் என்பதால் ஒவ்வொரு வேளையும் குலுக்கியே ஆக வேண்டும். இல்லாவிட்டால் முதல் நாட்களில் வெறும் இனிப்புத் தண்ணீரும் கடைசி நாட்களில் கெட்டி மருந்துமாகப் போகும். கலந்த பாட்டிலுக்குப் பொதுவாக ஏழு நாள்தான் ஆயுள், லேபிளில் வேறு சொல்லியிருந்தால் ஒழிய. மிச்சத்தை அடுத்த காய்ச்சலுக்கு என்று ஃபிரிட்ஜில் பத்திரப்படுத்துவது நம் வீடுகளில் சகஜம். அதை ஊற்றிவிடுவதே மேல்.

அளக்கும் பாத்திரம் அடுத்தது. ஒரு டீஸ்பூன் என்றால் 5 மி.லி. என்று புத்தகம் சொல்லும். வீட்டு ஸ்பூன்களுக்கு அது தெரியாது. சீர் வரிசையில் வந்த எவர்சில்வர் ஸ்பூனும் டீக்கடை ஸ்பூனும் ஒன்றல்ல. சங்கு, பாலாடை இரண்டும் குழந்தைக்கு மருந்தைப் புகட்ட அருமையானவை, அளக்க அல்ல. அமெரிக்கக் குழந்தை மருத்துவர் சங்கம் 2015-இல் டீஸ்பூன் என்ற சொல்லையே விட்டுவிட்டு மி.லி. மட்டும் எழுதச் சொன்னது. பாட்டில் மூடியில் 2.5, 5, 10 என்று கோடு இருக்கும், 6.9 அதில் எங்கே இருக்கிறது என்று கண்டுபிடிப்பது வாங்குபவர் பாடு. ஊசி இல்லாத 5 மி.லி. சிரிஞ்ச் மெடிக்கலில் சில ரூபாய்க்குக் கிடைக்கிறது. அதில் உறிஞ்சி, கன்னத்தின் உள்பக்கமாக மெதுவாக விட்டால் அளவும் சரியாக இருக்கும், புரையும் ஏறாது. சிரிஞ்சின் முனையில் இருக்கும் குட்டி மூடியை முதலிலேயே எறிந்துவிடுங்கள், அது தொண்டையில் சிக்கும். சொட்டு மருந்தோடு வரும் ஃபில்லரை வேறு மருந்துக்குப் பயன்படுத்துவதும் வேண்டாம்.

எடை என்ற முதல் எண்ணே பழசாக இருப்பதும் உண்டு. ஐந்தாம் மாதம் வாக்கில் பிறந்த எடை இரண்டு மடங்காகும், ஒரு வயதில் மூன்று மடங்கு. தடுப்பூசி அட்டையில் மூன்று மாதத்துக்கு முன் எழுதிய எடையை வைத்துக் கைக்குழந்தைக்கு டோஸ் போட்டால் அது வேறொரு குழந்தைக்கான டோஸ். எடை பார்க்க வழியே இல்லாதபோது மருத்துவர்கள் ஒரு குறுக்குவழி வைத்திருக்கிறார்கள்: ஒன்றிலிருந்து ஆறு வயது வரை, வயதை இரண்டால் பெருக்கி எட்டைக் கூட்டு. மூன்று வயதுக்கு 14 கிலோ. அவசரத்துக்கு ஆகும். ஆனால் நம் ஊரில் அங்கன்வாடியிலும் ஆரம்ப சுகாதார நிலையத்திலும் தராசு இருக்கிறது. ஊகிக்க வேண்டிய தேவை அடிக்கடி வராது. வீட்டுத் தராசில் குழந்தையை இடுப்பில் வைத்து ஒரு தடவை, தனியாக ஒரு தடவை ஏறிக் கழித்துக்கொள்வது இரண்டு மூன்று வயதுக்குச் சரி. 4 கிலோ குழந்தைக்கு அரைக் கிலோ பிசகினாலே எட்டில் ஒரு பங்கு.

குண்டான குழந்தைக்கு இன்னொரு சிக்கல். கொழுப்பு மருந்தை முறிப்பதில்லை. கல்லீரல்தான் முறிக்கிறது, அது எடை கூடிய அதே விகிதத்தில் வளர்வதில்லை. 70 கிலோ இருக்கும் 12 வயதுப் பையனுக்கு பாராசிட்டமாலை கிலோவுக்கு 15 என்று பெருக்கினால் 1050 மி.கி. வரும். பெருக்கல் என்ன சொன்னாலும் பெரியவர்களின் உச்சவரம்பை ஒருபோதும் தாண்டக் கூடாது என்பது எல்லா மருந்துக்கும் பொது.

காய்ச்சல் இரவில் இந்தக் கணக்கு குலைவது வேறு வகை. பாராசிட்டமால் நான்கிலிருந்து ஆறு மணி நேரத்துக்கு ஒரு முறை, 24 மணி நேரத்தில் நான்கு வேளைக்கு மேல் வேண்டாம். பத்து மணிக்கு அம்மா கொடுத்தது தெரியாமல் பன்னிரண்டு மணிக்குப் பாட்டி கொடுப்பார். நேரத்தை ஒரு தாளில் குறித்து ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டினால் இது நடக்காது. பல சளி சிரப்களுக்குள் பாராசிட்டமாலும் கலந்திருக்கும், பெட்டியைப் பார்த்ததும் அது கண்ணில் படாமல் போகலாம். ஆசனவாயில் வைக்கும் மாத்திரையும் இதே கணக்கில்தான் சேரும். சளி சிரப்களைப் பொறுத்தவரை என் கருத்து: சின்னக் குழந்தைக்கு டோஸைக் கணக்கிடுவதைவிட வாங்காமல் இருப்பதே நல்லது. குளோர்பெனிரமைனும் ஃபினைலெஃப்ரினும் கலந்த மருந்தை நான்கு வயதுக்குட்பட்டவர்களுக்குக் கொடுக்கக் கூடாது என்று 2023 டிசம்பரில் மத்திய மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு லேபிளிலேயே அச்சிடச் சொன்னது. மத்திய பிரதேசத்தில் இருமல் மருந்தால் குழந்தைகள் இறந்த 2025 அக்டோபரில், இரண்டு வயதுக்குள் இவை கூடாது, ஐந்து வயது வரையிலும் பொதுவாகத் தேவையில்லை என்று மத்திய சுகாதாரத் துறை அறிவுறுத்தியது. அந்த மரணங்களுக்குக் காரணம் மருந்தில் கலந்திருந்த டைஎத்திலீன் கிளைக்கால் என்ற நச்சு. அதிலிருந்து எந்த எடைக்கணக்கும் காப்பாற்றியிருக்காது.

பாராசிட்டமாலுக்குக் கேட்காவிட்டால் இபுப்ரோஃபென் என்று தாமாக மாறுகிறவர்கள் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். அதன் அளவு ஒரு வேளைக்கு கிலோவுக்கு 5 முதல் 10 மி.கி., இடைவெளி ஆறிலிருந்து எட்டு மணி நேரம். எண்களை மாற்றிப் போட்டுவிடக் கூடாது. டெங்கு இருக்கலாம் என்ற சந்தேகம் வரும் மழைக்காலத்தில் அது வேண்டவே வேண்டாம், ரத்தக்கசிவைக் கூட்டும். ஆறு மாதத்துக்குட்பட்ட குழந்தைக்கும் கூடாது.

பாராசிட்டமால் அளவு மீறிப் போய்விட்டது, அல்லது குழந்தையே பாட்டிலை எடுத்துக் குடித்துவிட்டது என்றால் முதல் நாள் நம்மை ஏமாற்றும். குழந்தை கொஞ்சம் வாந்தி எடுக்கலாம், மற்றபடி விளையாடிக்கொண்டிருக்கும். கல்லீரலின் பாதிப்பு ஒன்றிரண்டு நாள் கழித்துத்தான் வெளியே தெரியும். அந்த நச்சை முறிக்கும் மருந்து, அசிட்டைல்சிஸ்டைன், முதல் எட்டு மணி நேரத்துக்குள் ஆரம்பித்தால்தான் முழுப்பலன் தரும். அதனால் அறிகுறிக்காகக் காத்திருக்காமல், வாந்தி எடுக்க வைக்க முயலாமல், 108-ஐ அழைத்தோ கிடைத்த வண்டியிலோ பெரிய ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். பாட்டிலையும் கையோடு எடுத்துப் போங்கள். லேபிளைப் பார்த்தால்தான் எத்தனை மி.கி. என்று அவர்களால் சொல்ல முடியும். குழந்தை குடித்த நேரத்தையும் சரியாகச் சொல்லுங்கள். ரத்தத்தில் பாராசிட்டமால் எவ்வளவு என்று பார்க்கும் பரிசோதனையைக் குடித்து நான்கு மணி நேரம் கழித்துத்தான் எடுப்பார்கள். அந்த எண்ணை நேரத்தோடு பொருத்திப் பார்க்கும் வரைபடத்தை வைத்தே முறிக்கும் மருந்து தேவையா என்று முடிவாகும். நேரம் தெரியாவிட்டால் அந்த வரைபடம் பயன்படாது.